ஐந்து நூல்களும் ஒரு நனைந்த பையும்: காவிரிக் கரையில் ஐந்து நாள்

நவம்பர் 15, தரங்கம்பாடி

கடலில் தொடங்கி, காவிரி ஓடி வந்த திசைக்கு எதிராக மேற்கே தஞ்சாவூர் வரை போவது என்பதுதான் திட்டம். நேர்வழியில் போனால் மொத்தத் தூரம் நூறு கிலோமீட்டரைச் சற்றே தாண்டும். ஒரே நாளில் முடித்துவிடக் கூடியதற்கு ஐந்து நாள் எதற்கு என்று வீட்டில் கேட்டார்கள். பையில் இருந்த புத்தகங்களைக் காட்டினேன். அதன் பிறகு ஒருவரும் எதுவும் கேட்கவில்லை.

இந்த வழியிலுள்ள ஏதேனும் ஓர் ஊரோடு தொடர்புடையதாக இருக்க வேண்டும் என்பதை மட்டும் விதியாக வைத்துக்கொண்டு ஐந்து நூல்களை எடுத்துக்கொண்டேன்: தரங்கம்பாடி அச்சுக்கூடத்தின் வரலாறு பற்றிய ஒரு மெல்லிய நூல், மாயூரம் வேதநாயகம் பிள்ளையின் நாவல், உ.வே. சாமிநாதையரின் தன்வரலாறு, அவர் பதிப்பித்த சிலப்பதிகாரம், தஞ்சை ஆபிரகாம் பண்டிதரின் இசை நூல். கடைசி நூல் ஆயிரம் பக்கத்துக்கு மேற்பட்டது. அதைச் சேர்த்தது அறிவின்மை என்பது பேருந்து நிலையத்திலேயே புரிந்துவிட்டது. பையைத் தூக்கி ஓரமாக வைக்க வந்த நடத்துநர், "அரிசியா சார்?" என்று கேட்டார். புத்தகம் என்றதும் சிறிது யோசித்துவிட்டு, "அப்ப லக்கேஜ் வேண்டாம், வச்சுக்கங்க" என்றார்.

தரங்கம்பாடியின் நிலவாயிலைக் கடந்து கடலை நோக்கி நடந்தால், 1718இல் கட்டி முடிக்கப்பட்ட புதிய எருசலேம் தேவாலயம் நிற்கிறது. 1706ஆம் ஆண்டு சூலையில் இங்கே வந்து இறங்கிய சீகன்பால்கு, 1719இல் இறந்து அதற்குள்ளேயே அடக்கமானார். அவர் சமயம் பரப்ப வந்தவர் என்பதை எல்லோரும் சொல்வார்கள். நான் வந்தது வேறொன்றுக்காக. வந்து இரண்டே ஆண்டுகளில், 1708இல், தாம் சேகரித்த தமிழ்ச் சுவடிகளுக்கு அவர் ஒரு பட்டியல் எழுதினார். நூற்றுக்கும் மேற்பட்ட நூல்கள். ஒவ்வொன்றுக்கும் அது எதைப் பற்றியது, தமிழர் அதை எவ்வாறு மதிக்கிறார்கள் என்று சில வரிகள். திருக்குறளும் தொல்காப்பியமும் அதில் உண்டு. தம் எழுத்தர்களை ஊர் ஊராக அனுப்பி, படித்தவர் இறந்துபோன வீடுகளில் கைம்பெண்களிடமிருந்து சுவடிகளை மலிவாக வாங்கியதை அவரே எழுதியிருக்கிறார். அந்த வரி எனக்கு உறுத்தலாகவே இருந்து வருகிறது. ஆனால் அப்படி வாங்கப்படாத சுவடிகள் எத்தனை மிஞ்சின என்று எண்ணும்போது, அந்த உறுத்தலை எங்கே வைப்பது என்று தெரிவதில்லை.

1712இல் லண்டனிலிருந்து அச்சுப்பொறி வந்தது. மறு ஆண்டு ஜெர்மனியின் ஹாலேயில் வார்த்த தமிழ் எழுத்துகள் வந்தன. அவை அளவில் பெரியவையாக இருந்ததால் காகிதத்தை விழுங்கின. எனவே சிறிய எழுத்துகளை இங்கேயே வார்த்தார்கள். காகிதத் தட்டுப்பாட்டைச் சமாளிக்கப் பக்கத்துப் பொறையாற்றருகே காகிதம் செய்யும் பட்டறையும் வைத்தார்கள். கடுதாசிப்பட்டறை என்ற ஊர்ப்பெயர் அங்கே இன்னும் இருக்கிறது.

கோட்டைக்கு எதிரே மணலில் உட்கார்ந்து இதையெல்லாம் படிக்கலாம் என்றால் காற்று விடவில்லை. ஒரு பக்கம் படிக்க இரண்டு கையும் வேண்டியிருந்தது. வறுத்த மீன் விற்ற அம்மா, ஐம்பது ரூபாய்க்கு இரண்டு துண்டு கொடுத்துவிட்டு, என் கையிலிருந்த நூலைப் பார்த்து, "பரீட்சையா தம்பி?" என்றார். எனக்கு ஐம்பத்திரண்டு வயது. இல்லை என்று சொல்லவும் மனம் வரவில்லை, ஆமாம் என்றேன். மூன்றாவது துண்டை அவராகவே வைத்தார்.

நவம்பர் 16, மயிலாடுதுறை

ஐப்பசி முழுவதும் காவிரியில் நீராட மக்கள் இங்கே வருவதும், மாதக் கடைசி நாளில் கடைமுக முழுக்கு நடப்பதும் எனக்குத் தெரிந்தவைதாம். ஆனால் இன்று கார்த்திகை முதல் நாள் என்பதையும், அதற்கும் ஒரு முழுக்கு உண்டு என்பதையும் மறந்துவிட்டேன். கால் ஊனமுற்ற ஒருவர் வெகுதூரம் நடந்து ஒரு நாள் தாமதமாக வந்து சேர்ந்து, ஐப்பசி முடிந்துவிட்டதே என்று வருந்த, அவருக்காக இறைவன் ஒரு நாளை நீட்டிக் கொடுத்தார் என்பது கதை. அதனால் இது முடவன் முழுக்கு. லாகடம் என்று ஊரார் சொல்லும் துலாக்கட்டத்தில், ஆற்றின் நடுவே உள்ள நந்தி மண்டபத்தைச் சுற்றி நேற்றைய கூட்டத்தின் மிச்சம் நின்றுகொண்டிருந்தது. ஆயிரம் ஆனாலும் மாயூரம் ஆகாது என்று பெருமை பேசும் ஊரில், தாமதமாக வருகிறவருக்கும் ஒரு நாள் ஒதுக்கிவைத்திருப்பது எனக்குப் பிடித்திருந்தது.

படித்துறையில் நின்றபோதுதான் மழை வந்தது. தூறலாகத் தொடங்காமல், முழு மழையாகவே வந்தது. குடையை விரிப்பதற்குள் காற்று அதைப் புரட்டியது. பையின் ஜிப் ஏற்கெனவே பாதி வரைதான் மூடும். எல்லாவற்றுக்கும் மேலே இருந்த சாமிநாதையரின் தன்வரலாறு, நான் ஒரு தேநீர்க் கடையின் தகரத்துக்குக் கீழே ஒதுங்குவதற்குள் பஞ்சு போலத் தண்ணீரை உறிஞ்சிவிட்டது. ஆற்றில் விடப்பட்ட ஏடுகளுக்காகவும் நெருப்பில் இடப்பட்ட ஏடுகளுக்காகவும் வாழ்நாள் முழுவதும் வருந்திய மனிதரின் நூலை, காவிரிக் கரையிலேயே நனைய விட்டவன் என்ற பெயர் எனக்குக் கிடைத்தது.

கடைக்காரர் ஒன்றும் கேட்கவில்லை. பழைய செய்தித்தாள் கட்டு ஒன்றை எடுத்துப் போட்டார். வடை மடிக்க வைத்திருந்தது. இருவருமாக உட்கார்ந்து பத்துப் பக்கத்துக்கு ஒரு தாள் வீதம் செருகினோம். தேநீர் பன்னிரண்டு ரூபாய். செய்தித்தாளுக்கு எவ்வளவு என்று கேட்டதற்கு, "அதுக்கெல்லாம் காசு வாங்குவாங்களா ஐயா" என்று கோபித்துக்கொண்டார்.

மழை விட்ட பிறகு வேதநாயகம் பிள்ளையின் மாயூரத்தைத் தேடிப் போனேன். இங்கே முன்சீப்பாக இருந்தவர். நகராட்சிக்குத் தலைவராகவும் இருந்தவர். தமிழின் முதல் நாவல் என்று சொல்லப்படும் பிரதாப முதலியார் சரித்திரம் 1879இல் வெளிவந்தது. அதற்கு வெகு முன்னரே, 1805 முதல் 1861 வரையிலான சதர் நீதிமன்றத் (அக்காலத்து உயர்நீதிமன்றம்) தீர்ப்புகளைத் தமிழில் சுருக்கி அவர் நூலாக்கியிருந்தார். நாவலில் ஞானாம்பாள் ஆண் வேடத்தில் விக்கிரமபுரிக்கு அரசனாகி, நீதிமன்றத்தில் தமிழ் வேண்டும் என்று பேசும் பகுதியைப் பள்ளியில் படித்தபோது, கதைக்கு நடுவே ஏன் இந்தப் பிரசங்கம் என்று சலித்துக்கொண்டேன். இன்று நீதிமன்ற வாசலில் நின்று, தட்டச்சு செய்பவரிடம் ஒரு பெரியவர், "இதுல என்ன எழுதியிருக்குன்னு எனக்குச் சொல்லுங்க" என்று கேட்டதைக் கேட்ட பிறகு, அந்தப் பகுதியை மறுபடி படித்தேன். கதையாக அது இன்னமும் தொய்வுதான். ஆனால் வழக்கு நடத்த வந்தவர்களின் முகத்தை நாள்தோறும் பார்த்த ஒருவர் எழுதியது என்பது இப்போது தெரிகிறது.

இரவு விடுதியில் மின்விசிறிக்குக் கீழே நனைந்த நூலை விரித்து நிற்க வைத்துவிட்டுத் தூங்கப் போனேன். மூன்று மணிக்கு மின்சாரம் போயிற்று.

நவம்பர் 17, திருவாவடுதுறை, கும்பகோணம்

காலையில் பார்த்தபோது நூலின் நடுப்பகுதி ஈரமாகவும் ஓரங்கள் அலையலையாகவும் இருந்தன. செய்தித்தாள்களை மாற்றினேன். அப்படி மாற்றுகையில் கண்ணில் பட்ட பக்கங்களைப் படித்ததில், இன்று போக வேண்டிய இடங்களெல்லாம் முன்கூட்டியே வந்துவிட்டன.

திருவாவடுதுறையில் இறங்கியபோது கோயில் நடை சாத்தும் நேரம். கோமுத்தீசுவரர் கோயிலை அவசரமாகப் பார்த்துவிட்டு, ஆதீன மடத்தின் முன் நின்றேன். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை பாடம் சொன்ன மடம் இது. அவர் 1876 பிப்ரவரி முதல் நாள் இறந்தார். வேதநாயகம் பிள்ளை அவருக்கு நண்பர். வேதநாயகம் பிள்ளை மீது மகாவித்துவான் ஒரு கோவை நூலே பாடியிருக்கிறார். நந்தனார் சரித்திரக் கீர்த்தனை பாடிய கோபாலகிருஷ்ண பாரதியாரும் அதே மாயூரத்தில் இருந்தவர்; மகாவித்துவானிடம் படிக்க வந்த இளைஞர் சாமிநாதன் பாரதியாரிடம் சங்கீதமும் கற்கத் தொடங்கி, ஆசிரியருக்கு அது பிடிக்கவில்லை என்று தெரிந்ததும் நிறுத்திவிட்டார். என் வீட்டு அலமாரியில் நாவல் ஒரு தட்டு, தன்வரலாறு ஒரு தட்டு, இசை ஒரு தட்டு என்று பிரித்துத்தான் வைத்திருக்கிறேன். இங்கே அவற்றை எழுதியவர்கள் ஒருவர் வீட்டுக்கு ஒருவர் நடந்து போயிருக்கிறார்கள்.

கும்பகோணத்தில் மதியச் சாப்பாடு நூற்று இருபது ரூபாய். இலை போட்ட பிறகு பரிமாறுபவர் என் பையை எட்டிப் பார்த்து, "ஈரமா இருக்கே, அடுப்புப் பக்கம் வைக்கட்டுமா?" என்று பரிவோடு கேட்டார். மறுத்துவிட்டேன். மாலையில் இட்லியுடன் கடப்பாவும், பித்தளை டபராவில் முப்பது ரூபாய்க் காப்பியும். காப்பி நன்றாக இருந்தது. ஆனால் டிகிரி என்ற சொல்லைப் பலகையில் எழுதியிருக்கும் கடைகள் எல்லாவற்றுக்கும் அந்தப் பெருமை உரியதன்று என்பதைப் பக்கத்துக் கடையில் குடித்த முதல் காப்பி சொல்லிவிட்டிருந்தது.

காவிரிக் கரையிலுள்ள அரசுக் கல்லூரியை வெளியிலிருந்து பார்த்தேன். 1880இல் தியாகராச செட்டியார் ஓய்வு பெற, அந்த இடத்துக்குச் சாமிநாதையர் தமிழாசிரியராக வந்தார். அவ்வாண்டு அக்டோபர் 21ஆம் தேதி, ஊருக்கு முன்சீப்பாக வந்திருந்த சேலம் இராமசாமி முதலியாரைப் பார்க்கப் போனார். என்னென்ன படித்திருக்கிறீர்கள் என்று முதலியார் கேட்க, இவர் அந்தாதிகளையும் பிள்ளைத்தமிழ்களையும் புராணங்களையும் அடுக்க, அவர் சிறிதும் வியக்காமல், சிந்தாமணி, சிலப்பதிகாரம், மணிமேகலை படித்ததுண்டா என்று கேட்ட இடம் தமிழ் படித்தவர்கள் பலருக்கும் தெரியும். எனக்கு அதைவிட அதற்கு அடுத்த பகுதி முக்கியமாகப் படுகிறது. சைவ மடத்தில் ஊறிய சாமிநாதையர், சமணக் காப்பியமான சிந்தாமணியின் பொருள் விளங்காமல், ஊரிலிருந்த சமணர் வீட்டுக்குப் போனார். அங்கே அதைப் பரம்பரையாகப் பாடம் கேட்டு வருவதைக் கண்டு, மாணவராக உட்கார்ந்து ஐயங்களைக் கேட்டுக்கொண்டார். மடத்தில் இல்லாத விடை நான்கு தெரு தள்ளி ஒரு வணிகர் வீட்டில் இருந்தது. 1887இல் சிந்தாமணியும், 1892இல் சிலப்பதிகாரமும், 1894இல் புறநானூறும் அச்சேறின.

நவம்பர் 18, உத்தமதானபுரம்

பாபநாசத்திலிருந்து ஆட்டோவுக்கு இருநூற்றைம்பது கேட்டு, இருநூறுக்கு இறங்கி, திரும்பும்போது காத்திருந்ததற்கு ஐம்பது சேர்த்து வாங்கிக்கொண்டார் ஓட்டுநர். கணக்கு அவருக்கு முன்பே தெரிந்திருக்கிறது.

இந்த ஊரின் கதை அந்தத் தன்வரலாற்றின் தொடக்கத்திலேயே வருகிறது. தஞ்சை அரசர் ஒருவர் இவ்வழியே வந்தவர், ஏகாதசி என்பதை மறந்து உணவுக்குப் பின் தாம்பூலம் போட்டுக்கொண்டார். அந்தக் குற்றத்துக்குக் கழுவாயாக நாற்பத்தெட்டு வீடும், இரண்டு வீட்டுக்கு ஒரு கிணறாக இருபத்துநான்கு கிணறும் அமைத்துத் தானம் செய்தார். ஒரு வெற்றிலைக்கு ஓர் ஊர். பாபநாசத்துக் கடையில் நான் வாங்கிய கவுளியைப் பார்த்தபடி, இந்தக் கதையை ஓட்டுநரிடம் சொன்னேன். அவர் வெற்றிலையில் சுண்ணாம்பு தடவியபடியே கேட்டுவிட்டு, "அப்ப நான் எத்தன ஊரு குடுக்கணும்" என்றார்.

1855 பிப்ரவரி 19இல் பிறந்த சாமிநாதையரின் வீடு இன்று அரசு நினைவு இல்லம். திண்ணை, நடு முற்றம், சுவரில் படங்கள். வேறு பார்வையாளர் இல்லை. முற்றத்தில் மழைநீர் விழும் ஓசை மட்டும் இருந்தது. திண்ணையில் உட்கார்ந்து, ஈரம் போகாத நூலை வெளியே எடுத்து, தாள் மாற்றினேன். பக்கத்து வீட்டு அம்மா ஒருவர் வேலியோரம் நின்று நெடுநேரம் பார்த்துவிட்டு, "எங்க தாத்தா ஏடெல்லாம் வெயில்ல வைக்கக் கூடாதும்பாரு, நெழல்லதான்" என்றார். அவர் வீட்டில் ஏடு ஏதாவது இருக்கிறதா என்று கேட்டேன். "அது அப்பவே போச்சு" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். திரும்பி வந்தபோது கையில் மோர் இருந்தது.

எவ்வளவோ தொலைவுக்கெல்லாம் சுவடி தேடிப் போனவரின் சொந்த ஊரில், ஓர் ஏடு எப்போது போயிற்று என்று கேட்கவும் எனக்குத் துணிவு வரவில்லை.

நவம்பர் 19, தஞ்சாவூர்

அரண்மனை வளாகத்தில் பெரிய கோபுரத்தைப் பார்க்க வருபவர்கள் அதிகம். சரசுவதி மகால் நூலகத்தின் காட்சிக்கூடத்துக்குள் எட்டிப் பார்த்துவிட்டு ஐந்து நிமிடத்தில் வெளியே வருபவர்களும் அதிகம். நாயக்கர் காலத்தில் தொடங்கிய சுவடித் தொகுப்பை, 1798 முதல் 1832 வரை அரசராக இருந்த இரண்டாம் சரபோஜி பல மடங்கு பெருக்கினார். அதற்குள் ஆட்சி ஆங்கிலக் கிழக்கிந்தியக் கும்பினியின் கைக்குப் போய்விட்டது. அவருக்கு எஞ்சியது கோட்டையும் உதவித்தொகையும்தான். காசி யாத்திரை போனபோது அங்கிருந்தும் சுவடிகள் கொண்டுவந்தார். ஐரோப்பிய மொழி நூல்களை வரவழைத்தார். கண் நோயாளிகளுக்குச் செய்த சிகிச்சையைப் படங்களோடு பதிந்து வைத்தார். பொதுமக்களுக்கு நூலகம் திறக்கப்பட்டது 1918இல். சுவடிகளும் கையெழுத்துப் படிகளுமாக இங்கே இருப்பவை 40,000க்கும் மேல். அவற்றில் பெரும்பகுதி வடமொழி, பிறகு தமிழ், மராத்தி, தெலுங்கு.

சுவடிகளைக் கையாண்டு பழகிய ஒருவரோடு சிறிது நேரம் பேச வாய்ப்புக் கிடைத்தது. என் நூலை வாங்கி, முதுகைத் தடவிப் பார்த்து, முகர்ந்தார். இரண்டு நாளுக்குள் உலராவிட்டால் பூஞ்சை பிடிக்கும், நீங்கள் காற்றில் வைத்துத் தாள் மாற்றிக்கொண்டே வந்ததால் தப்பியது, ஆனால் செய்தித்தாளின் மை ஒட்டும், அடுத்த முறை வெள்ளைத்தாள் வையுங்கள் என்றார். அடுத்த முறை! பிறகு ஓலையைப் பற்றிச் சொன்னார். காலம் ஆக ஆக ஓலை ஈரப்பசை இழந்து நொறுங்கும். எலுமிச்சம்புல் எண்ணெயைப் பஞ்சில் தொட்டுத் தடவினால் வளைந்து கொடுக்கும், பூச்சியும் அண்டாது. எழுத்தாணி கீறிய எழுத்துக்கு நிறம் கிடையாது. விளக்குக்கரியை மேலே பூசித் துடைத்தால் கீறலில் மட்டும் கரி தங்கி எழுத்து எழும்பும். சொல்லிக்கொண்டே, காட்சிப் பெட்டியின் மேல் விரலால் துடைத்துக் காட்டினார். அவர் நகக்கண்களில் கரி இருந்தது.

விற்பனைப் பிரிவில் நூலக வெளியீடுகளைப் பார்த்தபோது, இனி ஒரு நூலும் வாங்குவதில்லை என்று தரங்கம்பாடியில் எடுத்த முடிவு உடைந்தது. சரபேந்திர வைத்திய முறைகளில் ஒரு தொகுதியும், மராட்டிய அரண்மனைச் சமையற்குறிப்புகளைக் கொண்ட சரபேந்திர பாகசாஸ்திரமும் வாங்கினேன். இரண்டும் சேர்ந்து நேற்றைய ஆட்டோவுக்குக் கொடுத்ததைவிடக் குறைவு.

மீதி நேரத்தில் ஆபிரகாம் பண்டிதர் சாலைக்குப் போனேன். ஓட்டுநருக்குச் சாலை தெரிந்திருந்தது. பண்டிதர் யார் என்பது தெரியவில்லை. ஏதோ டாக்டர் என்றார், அதுவும் தவறில்லை. சித்த மருந்து விற்றுச் சேர்த்த பொருளைக் கொண்டு இசை மாநாடுகள் நடத்தியவர் அவர். சுரங்களுக்கிடையிலான நுண்ணிய இடைவெளிகளான சுருதிகள் இருபத்திரண்டு என்ற கொள்கையை மறுத்து இருபத்துநான்கு என்று வாதிட்டார். 1916இல் பரோடாவில் நடந்த மாநாட்டில் தம் பெண்மக்களைக் கொண்டு அதைப் பாடிக் காட்டினார். மறு ஆண்டு, என் பையிலிருந்த நூலான கருணாமிர்த சாகரத்தை வெளியிட்டார். வாதத்தின் தொழில்நுட்பம் எனக்கு முழுதும் விளங்கவில்லை. ஆனால் சாலையோரக் கல்லில் உட்கார்ந்து புரட்டியபோது, அவர் பக்கம் பக்கமாகச் சான்று எடுப்பது எங்கிருந்து என்று கண்ணில் பட்டது: சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையும் ஆய்ச்சியர் குரவையும். கும்பகோணத்தில் ஒரு முன்சீப்பு கேட்ட கேள்வி, பன்னிரண்டு ஆண்டில் சிலப்பதிகாரப் பதிப்பாகி, அதற்கு இருபத்தைந்து ஆண்டு கழித்துத் தஞ்சாவூரில் ஒரு மருத்துவர் கையில் இசை நூலாகியிருக்கிறது. நான் இரண்டையும் ஒரே பையில் நான்கு நாள் சுமந்தும் இதைக் கவனிக்கவில்லை.

பேருந்து நிலையத்தில் பையை மூடப் பார்த்தேன்; முடியவில்லை. உலர்ந்த தன்வரலாறு முன்னைப் போல் இரண்டு மடங்கு தடித்திருந்தது; அட்டை வாயைத் திறந்துகொண்டு நின்றது. பக்கத்தில் கதம்பம் கட்டிக்கொண்டிருந்த அம்மா, கேட்காமலே அதை வாங்கி, ஈர வாழைநாரால் குறுக்கும் நெடுக்குமாகச் சுற்றி இறுக்கினார். ஈரம் வேண்டாம் என்று சொல்ல வாயெடுப்பதற்குள் முடிச்சு விழுந்துவிட்டது. முழம் முப்பது ரூபாய் என்று கதம்பத்தை நீட்டினார். வாங்கிக்கொண்டேன்.